கார் ரிப்பேரில் லேப்டாப்பைத் திருப்பிக் காட்டி 23,500 ரூபாய் வாங்கிவிட்டார்கள்

பாப்பாவின் ஸ்கூல் ஃபீஸுக்கு வைத்திருந்த பணம், 23,500 ரூபாய். இன்று மதியம்தான் உண்மை தெரிந்தது. இன்னும் ஆத்திரம் அடங்கவில்லை.

பழைய பெட்ரோல் கார். மழையில் ஓட்டிய மறுநாள் ஆக்சிலேட்டரை மிதித்தாலே குலுங்கியது, செக் என்ஜின் லைட் மின்னியது. பைபாஸில், எல்லா கம்பெனி வண்டியும் பார்க்கும் ஒர்க்‌ஷாப் ஒன்றுக்குக் கொண்டுபோனேன். மெக்கானிக் ஸ்டியரிங்குக்குக் கீழே லேப்டாப் ஒயரைச் சொருகினார். பி0301 என்று ஒரு எரர் கோட் வந்தது. லேப்டாப்பை என் பக்கம் திருப்பி, "நான் சொல்லல சார், கம்ப்யூட்டர் சொல்லுது. ஈசிஎம் போயிடுச்சு" என்றார். ஈசிஎம் என்றால் என்ஜினைக் கட்டுப்படுத்தும் கம்ப்யூட்டர். அங்கேதான் விழுந்தேன். திரையையே காட்டுகிறவர் எதை மறைக்கப் போகிறார் என்று நம்பினேன். பானெட்டைத் திறந்து ஒரு ஸ்பார்க் பிளக்கைக்கூட அவர் கழற்றிப் பார்க்கவில்லை. அது எனக்கு அப்போது உறைக்கவில்லை.

ஈசிஎம்மை மாற்றிவிட்டதாகச் சொல்லிப் பணத்தை வாங்கினார்கள். இரண்டே நாள். மறுபடி மழை, மறுபடி அதே குலுக்கல். போன் செய்தால் "பெட்ரோல் சரியில்ல சார்". நேரில் போனால் "ஓனர் ஊர்ல இல்ல". கழற்றிய பழைய ஈசிஎம்மைக் கேட்டால் "ஸ்கிராப்ல போட்டாச்சு". அப்புறம் போனையே எடுக்கவில்லை.

இன்று எங்கள் தெரு ஆட்டோ எலக்ட்ரீஷியன் அண்ணன் பார்த்தார். முதல் சிலிண்டரின் இக்னிஷன் காயிலையும் (ஸ்பார்க் பிளக்குக்கு மின்சாரம் தருவது) மூன்றாவதையும் இடம் மாற்றிப் போட்டு, எரர் கோடை அழித்துவிட்டு ஓட்டினார். பி0303 வந்தது. கோளாறு காயிலோடு சேர்ந்தே நகர்ந்துவிட்டது! பி0301 என்றால் முதல் சிலிண்டரில் மிஸ்ஃபயர், அதாவது அங்கே பெட்ரோல் சரியாக எரியவில்லை, அவ்வளவுதான். பி0303 என்றால் அதே கோளாறு மூன்றாவதில். பிளக், காயில், இன்ஜெக்டர், ஒயர் என்று எதுவாகவும் இருக்கலாம். புதுக் காயிலும் கூலியும் சேர்த்து 2,200 ரூபாய். ஈசிஎம் போல்ட்டில் படிந்த பழைய தூசுகூடக் கலையவில்லை என்று காட்டினார். அவர்கள் அதைத் தொடவே இல்லை. எரர் கோடை மட்டும் அழித்திருக்கிறார்கள், ஈரம் காய்ந்ததும் வண்டியும் ஓடியிருக்கிறது. அதற்கு 23,500!

என்ன கவனிக்க வேண்டும் என்று விரிவாக எழுத நினைத்தேன், இப்போது முடியவில்லை. எரர் கோடை அழிக்கும் முன் திரையைப் போட்டோ எடுங்கள். காயிலை இடம் மாற்றிப் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். பழைய பார்ட் கைக்கு வராமல் பணம் கொடுக்காதீர்கள். பில் கட்டாயம் வாங்குங்கள், என்னிடம் இருப்பது ஒரு துண்டுச்சீட்டுதான். லைட் மின்னும்போது வண்டியை ஓட்டாதீர்கள், புகையைச் சுத்தப்படுத்தும் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டரும் போய்விடலாம்.