கேண்டி கிரஷா, லூடோ கிங்கா?

கோத்தகிரி பக்கத்துத் தேயிலைத் தோட்ட லைன் வீடுகளில் கம்ப்யூட்டர் வைத்திருந்தவர்கள் குறைவு. ஸ்மார்ட்போன் வந்த பிறகுதான் அம்மாக்களும் பாட்டிகளும் கேம் விளையாட ஆரம்பித்தார்கள்.

2012இல் வந்த கேண்டி கிரஷ் தனியாக விளையாட நல்லது. மிட்டாயை விரலால் நகர்த்தி மூன்றை வரிசையாகச் சேர்த்தால் போதும். ஆனால் தோற்கத் தோற்க ஒவ்வொன்றாகக் குறையும் ஐந்து உயிரும் போய்விட்டால், ஒன்று திரும்ப அரை மணி நேரம் ஆகும். பஸ்ஸுக்கு நிற்கும்போது சரி.

2016இல் நம் நாட்டிலேயே உருவான லூடோ கிங் வேறு ரகம். தாயம் உருட்டிப் பழகியவர்களுக்கு அதிகம் சொல்லித்தர வேண்டாம். மழையில் சிக்னல் போனாலும் ஒரே போனைச் சுற்றி நான்கு பேர் உட்கார்ந்து மாற்றி மாற்றி ஆடலாம். ஆறு விழுந்ததும் பாட்டி போடும் சத்தம் அடுத்த வீட்டுக்கே கேட்கும்! என் ஓட்டு லூடோவுக்குத்தான். பேரன் காயைப் பாட்டி தயங்காமல் வெட்டுகிறார், அவனும் விடுவதில்லை.