யுனெஸ்கோ இணையதளத்தில் சாப்பாட்டுப் பக்கங்கள்

வரலாறு சொல்லிக்கொடுப்பவள் என்பதால் யுனெஸ்கோவின் பண்பாட்டு மரபுப் பட்டியலை இணையத்தில் அடிக்கடி பார்ப்பேன். சமையல், கலை, சடங்கு போன்ற வாழும் வழக்கங்களை 2003-இல் வந்த உடன்படிக்கையின்படி சேர்த்துவரும் பட்டியல் இது. இலவசம்தான், கணக்கு எதுவும் தொடங்க வேண்டாம். தமிழில் இல்லை என்பது பெரிய குறை.

புதிதாகப் பார்ப்பவர்கள் தென் கொரியாவின் கிம்ஜாங் (2013) பக்கத்தில் தொடங்கலாம். குளிர்காலத்துக்கு வேண்டிய கிம்ச்சியை (காரம் சேர்த்துப் புளிக்க வைத்த காய்கறி) உறவும் அக்கம்பக்கமும் கூடிப் போடுவதுதான் கிம்ஜாங். வசந்தத்தில் இறாலையும் நெத்திலியையும் உப்பிட்டுப் புளிக்க வைக்கிறார்கள். கோடையில் கடல் உப்பு வாங்கி, அதன் கசப்பு வடியக் காத்திருக்கிறார்கள். அப்புறம் மிளகாயைக் காயவைத்துப் பொடிக்கிறார்கள். இலையுதிர் காலத்தின் கடைசியில் வானிலை பார்த்து நாள் குறிக்கிறார்கள். பக்குவம் மாமியாரிடமிருந்து மருமகளுக்குப் போகிறது. சமையல் குறிப்புப் புத்தகம் எதிலும் இதெல்லாம் கிடைக்காது.

அடுத்து ஹைத்தியின் பூசணி சூப் (2021). பிரெஞ்சு ஆட்சியில் அடிமைகள் அதைக் காய்ச்சினார்கள், எஜமானர்கள் குடித்தார்கள். 1804 ஜனவரி 1 அன்று நாடு விடுதலை பெற்றது. இன்றும் அதே தேதியில் வீட்டுக்கு வீடு அந்தச் சூப்தான். தேசிய அடையாளம் என்றால் என்ன என்று மாணவர்கள் கேட்டால் நான் முதலில் திறப்பது இந்தப் பக்கத்தைத்தான்.

எனக்கு உறுத்துவது ஒன்று. விண்ணப்பிக்கும் உரிமை அரசுகளுக்கு மட்டுமே இருக்கிறது. அதனால் கிம்ச்சி மரபு தென் கொரியாவின் பெயரில் ஒரு முறையும், வட கொரியாவின் பெயரில் 2015-இல் இன்னொரு முறையும் ஏறியிருக்கிறது. லவாஷ் ரொட்டி 2014-இல் ஆர்மீனியாவுக்கு. 2016-இல் அஜர்பைஜான், ஈரான், துருக்கி உள்ளிட்ட ஐந்து நாடுகளுக்கு லவாஷும் அதைப் போன்ற மற்ற ரொட்டிகளும் சேர்த்துத் தனிப்பதிவு. சுடுகிற கைகளுக்கு எல்லைக்கோடு தெரியாது, பட்டியலுக்கோ அதுதான் முதலில் தெரிகிறது. சொந்தமாக அரசு இல்லாத மக்களின் சாப்பாடு இங்கே வர வேண்டுமானால் வேறொருவர் மனம் வைக்க வேண்டும். இது சரியில்லை.

ஆனால் ரவையை உருட்டி ஆவியில் வேகவைக்கும் வட ஆப்பிரிக்க உணவான கூஸ்கூஸைப் பாருங்கள். அல்ஜீரியா, மொராக்கோ, மௌரிடானியா, துனிசியா நான்கும் சேர்ந்து விண்ணப்பித்து 2020-இல் ஒரே பதிவாக வாங்கின. தங்களுக்குள் ஆயிரம் பிணக்கு உள்ள நாடுகள் ஒரே தட்டுக்குக் கையெழுத்துப் போட்டிருக்கின்றன. எனக்கு மிகவும் பிடித்த பதிவு இதுதான்.

மேலே இருக்கும் சுருக்கத்தோடு நின்றுவிடாதீர்கள். விண்ணப்பப் படிவத்தையும், சம்பந்தப்பட்ட மக்களின் ஒப்புதல் கடிதங்களையும் இறக்கிப் படியுங்கள். சமைப்பவர்களின் குரல் அங்கேதான் இருக்கிறது.