கேனான் 18-80 சர்வோ லென்ஸ்: ஆவணப்பட பாணி காமெடிக்கு ஒத்துவருமா?

பீட்டர் ஸ்மோக்ளர் 1970-ல் வந்த ‘கிம்மி ஷெல்டர்’ ஆவணப்படத்தின் கேமராக்காரர்களில் ஒருவர். பிறகு ‘திஸ் இஸ் ஸ்பைனல் டேப்’ (1984), அமெரிக்க ‘தி ஆபீஸ்’ தொடரின் முதல் எபிசோடு (2005) இரண்டுக்கும் அவரே ஒளிப்பதிவு செய்தார். இரண்டுமே காமெடி. கேமரா மட்டும் அது தெரியாததுபோல நடந்துகொள்ளும். தோளிலேயே இருக்கும், பேசுபவரை விட்டுவிட்டுக் கேட்பவர் முகத்தை அரை நொடி தாமதமாகத் தேடிப் பிடிக்கும். அந்த மாதிரி வேலைக்கு இந்த லென்ஸ் எப்படி?

இந்த லென்ஸின் அதிகபட்சத் திறப்பு டி4.4 (டி எண் கூடக் கூட உள்ளே வரும் வெளிச்சம் குறையும்). அதைக் கேட்டதும் பலர் உதட்டைப் பிதுக்குவார்கள். டி2.8-ஐவிட ஒன்றே கால் ஸ்டாப்புக்குச் சற்று மேலேயே வெளிச்சம் குறைவு என்பது உண்மைதான் (ஒரு ஸ்டாப் குறைந்தால் வெளிச்சம் பாதி). கேமராவின் ஒளி உணர்திறன் ஐஎஸ்ஓ 800, ஷட்டர் 1/50 நொடி என்றால் முகத்தில் சுமார் 300 லக்ஸ் வெளிச்சம் வேண்டும். டியூப்லைட் எரியும் ஆபீஸில் அது கிடைத்துவிடும். 100 லக்ஸ் மட்டுமே உள்ள வீட்டு ஹாலில் ஐஎஸ்ஓ 2400 வரை ஏற்ற வேண்டியிருக்கும்.

ஆனால் இந்த பாணிக்கு டி4.4 குறையே இல்லை. ஜூமின் அகலமான (வைடு) முனையான 18 மி.மீ.-ல் 3 மீட்டருக்கு ஃபோகஸ் வைத்தால் ஒன்றரை மீட்டரிலிருந்து பின்சுவர் வரை எல்லாம் தெளிவு. முன்னால் மேலதிகாரி உளறுவார். பின்னால் ஃபைலைப் புரட்டிக்கொண்டே ஒருவர் முறைப்பார். சிரிப்பு அந்த முறைப்பில் இருக்கிறது. பின்னணியை மசமசவென்று ஆக்கினால் அது போச்சு.

ஜூமின் மறுமுனையான 80 மி.மீ.-ல் கதை வேறு. அதே தூரத்தில் தெளிவு சுமார் 30 செ.மீ.தான், நடிகர் நாற்காலியில் சாய்ந்தாலே ஃபோகஸ் நழுவும். டேக்குக்கு முன் 80-க்குப் போய்க் கண்ணில் ஃபோகஸ் பிடித்துவிட்டு வைடுக்கு வாருங்கள். வைடிலேயே பிடித்தால் பிழை கண்ணுக்குத் தெரியாது, ஜூம் போனதும் காட்டிக்கொடுக்கும்.

மோட்டாரால் இயங்கும் சர்வோவின் வழுவழு ஜூம் இங்கே எடுபடாது. வளையத்தைக் கையால் வெடுக்கென்று திருப்பினால்தான் தேடிப் பிடித்த உணர்வு வரும். ஆட்டத்தைக் குறைக்கும் ஸ்டெபிலைசரும் அப்படித்தான்: நின்று எடுக்கும்போது உதவும், சடாரென்று திரும்பினால் படம் ஒட்டிக்கொண்டு பிறகு நழுவும். அணைத்துவிடலாம்.

எடை 1.2 கிலோ, தோளுக்குச் சுமையில்லை. கைப்பிடியைத் தனியாகக் காசு கொடுத்து வாங்கச் சொல்வதுதான் எரிச்சல்.

உண்மையான குறை, 80 மி.மீ.-ஐத் தாண்டி ஜூம் போகாததுதான். ஜன்னல் திரை இடுக்கு வழியாக 6 மீட்டரிலிருந்து ஒளிந்து எடுத்தால் ஃப்ரேமின் அகலம் 1.8 மீட்டருக்கு மேல் இருக்கும். இடுப்பளவுக்குத்தான் ஆள் தெரிவார், முகம் நிறையாது. அதற்கு இதன் ஜோடியான 70-200 டி4.4 லென்ஸ் வேண்டும். அந்த மாதிரி ஷாட் ஒரு நாளில் நாலைந்துதான் வரும் என்றால் அதை வாடகைக்கே எடுங்கள்.