முயலுக்குச் சாப்பாடு: குட்டியிலிருந்து கிழப் பருவம் வரை

கோவையில் எங்கள் வீட்டு மொட்டை மாடிக் கொட்டகையில் குட்டியாக வந்த இரண்டு முயல்கள் இப்போது வயதாகி நிற்கின்றன. இத்தனை வருடம் தீனி போட்டதில் நான் அழுத்திச் சொல்வது ஒன்றுதான்: எந்த வயதிலும் முயலுக்குச் சோறு புல்தான். பெல்லட் (கடையில் கிடைக்கும் குச்சித் தீனி), கீரை, கேரட் எல்லாம் தொடுகறி. வயதுக்கு ஏற்ப மாறுவது தொடுகறியின் அளவும், புல்லின் வகையும்தான்.

ஆறு முதல் எட்டு வாரம் வரை குட்டியைத் தாயிடமிருந்து பிரிக்கக் கூடாது. நான்கு வாரக் குட்டியை ‘அழகா இருக்கு பாருங்க’ என்று யாராவது நீட்டினால் தயவுசெய்து வாங்காதீர்கள். வயிறு தாங்காது. பிறகு ஏழு மாதம் வரை வளர்கிற உடம்புக்குப் புரதமும் சுண்ணாம்புச் சத்தும் வேண்டும் என்பதால் குதிரை மசால், வேலி மசால் என்ற பயறு வகைத் தீவனங்களைக் கொடுக்கலாம். பெல்லட்டும் தாராளமாக வைக்கலாம். கீரையை மட்டும் பன்னிரண்டு வாரத்துக்குப் பிறகு ஒவ்வொரு வகையாக, கொஞ்சமாகப் பழக்குங்கள். புழுக்கை இளகினால் அந்தக் கீரையை நிறுத்திவிட வேண்டியதுதான்.

வளர்ந்த பிறகும் மசாலையே போட்டுக்கொண்டிருந்தால் தட்டு காட்டிக் கொடுத்துவிடும். முயலின் உடம்பு தின்ற சுண்ணாம்புச் சத்தை நிறைய ஏற்றுக்கொண்டு, மிஞ்சியதைச் சிறுநீரில் தள்ளும். கூண்டின் அடித்தட்டில் சிறுநீர் காய்ந்த இடம் வெள்ளையடித்த சுவர்போல மாவு மாவாக உதிர்ந்தால் மசாலைக் குறைக்க வேண்டும். அளவு மீறினால் மூத்திரப்பையில் படிந்து கல்லாகிவிடலாம்.

பெரிய முயலுக்குக் கிலோ எடைக்கு 25 கிராம் பெல்லட் போதும். கிண்ணத்தை நிரப்பி வைத்தால் புல்லைத் திரும்பிக்கூடப் பார்க்காது. புல் தின்னாவிட்டால் பல் தேயாது. முயலின் பல்லோ ஆயுள் முழுக்க வளர்ந்துகொண்டே இருக்கும். பெல்லட்டை நாலு கடியில் முடித்துவிடும், புல்லைத்தான் பக்கவாட்டில் அரைத்து அரைத்துத் தின்னும். கடைவாய்ப் பல் தேய்வது அந்த அரைப்பில்தான்.

வெளிநாட்டு டிமோதி புல்லின் விலை கட்டுப்படியாகவில்லை. நாங்கள் அருகம்புல்லையும் கம்பு நேப்பியர் என்ற தீவனப் புல்லையும் நிழலில் உலர்த்திக் கொடுக்கிறோம். நேப்பியரில் இலையைத் தின்றுவிட்டுத் தடித்த தண்டை ஒதுக்கிவிடும், அதனால் இளசாக அறுப்பது நல்லது. பூஞ்சை வாடை துளி அடித்தாலும் கொட்டிவிடுங்கள். கேரட் கிழங்கு இனிப்பு, கட்டைவிரல் அளவு எப்போதாவது போதும். அதன் இலை நல்லது. பிஸ்கட், ரொட்டி, சோறு, வெங்காயம் பக்கமே போக வேண்டாம்.

அப்புறம், கொத்தாகத் திராட்சைபோல ஒட்டியிருக்கும் மென்மையான புழுக்கையை முயல் தானே தின்னும். அதில்தான் சத்து, தடுக்காதீர்கள். அது தரையில் தின்னப்படாமல் கிடக்கிறது என்றால் பெரும்பாலும் பெல்லட்டோ இனிப்போ அதிகம் என்று பொருள்.

ஆறு வயதைத் தாண்டிய எங்கள் பெண் முயலின் முதுகைத் தடவினால் எலும்பு கையில் தட்டுப்படத் தொடங்கியது. மருத்துவர் பல்லைப் பார்த்துவிட்டு, பெல்லட்டைக் கொஞ்சம் கூட்டச் சொன்னார். வெதுவெதுப்பான தண்ணீரில் ஊறவைத்துக் கொடுக்கிறோம், கூடவே இளம்புல் நுனி. பாட்டிலை எடுத்துவிட்டுக் கனமான மண் சட்டியில் தண்ணீர் வைத்ததும் நன்றாகக் குடிக்கிறது.

எந்த வயதாக இருந்தாலும் அரை நாள் தின்னாமல், புழுக்கையும் போடாமல் இருந்தால் குடல் நின்றுவிட்டது என்றே எடுத்துக்கொண்டு மருத்துவரிடம் ஓடுங்கள். எல்லாக் கால்நடை மருத்துவரும் முயல் பார்ப்பதில்லை. உங்கள் ஊரில் யார் பார்க்கிறார் என்று இப்போதே விசாரித்து எண்ணை வாங்கி வையுங்கள்.