ஸ்பிரிங்குக்கு இரண்டு நட்சத்திரம், ரப்பர் வளையத்துக்கு ஐந்து

பொம்மைத் துப்பாக்கிக்காக வாங்கிய பொட்டலத்தின் மேல் பெரிய எழுத்தில் ‘5 கிலோ அதிவேக ஸ்பிரிங்’ என்று போட்டிருந்தது (5 கிலோ என்பது அதை இழுக்கத் தேவைப்படும் பலம்). அந்தப் பெயருக்காகத்தான் என் மகன் ஒரு மாதம் என்னை நச்சரித்தான். பிரித்துப் பார்த்தால் ஸ்பிரிங்கோடு இன்னும் நான்கு சாமான்கள் இருந்தன: விசைக் கொக்கிக்கான குட்டி ஸ்பிரிங், ஒரு கறுப்பு ரப்பர் வளையம், விரல்நுனி அளவு சிலிக்கான் கிரீஸ் அடைத்த சின்னப் பை, பின்பக்கம் பசை தடவிய வட்டமான நுரைத் திண்டு. பொட்டலத்தின் முகப்பில் இந்த நான்கைப் பற்றியும் ஒரு சொல் இல்லை.

நான் தையல் இயந்திரங்களைப் பழுது பார்ப்பவள். ஸ்பிரிங்கும் திருகும் தினமும் என் கையில் புழங்குகிறவை. அதனால் நுரைத் தோட்டா சுடும் பொம்மைத் துப்பாக்கியைப் பிரித்துச் சீர்செய்வது ஒரு மாலை வேலை என்று நினைத்தேன். மூன்று மாலை ஆயிற்று. அதில் ஒரு மாலை முழுவதும் அந்த நுரைத் திண்டால் போனது; அதற்குப் பிறகு வருகிறேன்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். இந்த வகைப் பொம்மையில் தோட்டாவைத் தள்ளுவது ஸ்பிரிங் அல்ல, காற்று. கைப்பிடியைப் பின்னால் இழுத்தால் சிலிண்டருக்குள் இருக்கும் பிஸ்டன் பின்வாங்கி, ஸ்பிரிங் இறுகி, கொக்கியில் மாட்டிக்கொள்கிறது. விசையை அழுத்தினால் கொக்கி விலகுகிறது. ஸ்பிரிங் பிஸ்டனை முன்னால் தள்ளுகிறது. சிலிண்டரில் இருக்கும் காற்று நசுங்கி, ஒரு சிறு துளை வழியாகப் பாய்ந்து தோட்டாவின் பின்புறத்தில் மோதுகிறது. சைக்கிள் பம்ப் மாதிரிதான். பம்பின் வாஷர் காய்ந்து சுருங்கிவிட்டால் எவ்வளவு பலமாக அடித்தாலும் டயரில் காற்று ஏறாது. இது தெரிந்த நானே ‘5 கிலோ’ என்ற எழுத்தைப் பார்த்து மயங்கினேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

பிரிப்பதற்கு முன் ஸ்பிரிங் இழுபட்ட நிலையில் இல்லை என்று உறுதி செய்துகொள்ளுங்கள். பிறகு கெட்டியான ஓர் அட்டையில் துப்பாக்கியின் உருவத்தைக் கோட்டால் வரைந்து, கழற்றிய ஒவ்வொரு திருகையும் அது இருந்த இடத்திலேயே அட்டையில் குத்தி வையுங்கள். என் தொழிலில் பழகிய வழக்கம் இது. பார்வைக்கு எல்லாத் திருகுகளும் ஒன்றுபோல இருந்தாலும் மூன்று மட்டும் கொஞ்சம் நீளம். அவற்றை இடம் மாற்றிப் போட்டால் வெளி ஓட்டைத் துளைத்துக்கொண்டு எட்டிப் பார்க்கும். பொட்டலத்தோடு வந்த செயல்முறைத் தாளில் இதைப் பற்றி எதுவும் இல்லை. தபால்தலை அளவில் நான்கு படங்கள். நான்காவது படத்தில் துப்பாக்கி முழுதாக மூடிக் கிடக்கிறது. மூன்றுக்கும் நான்குக்கும் நடுவில்தான் மொத்த வேலையும் இருக்கிறது.

ஓட்டைத் தூக்கும்போது ஒரு கையால் உள் பாகங்களை அமுக்கிக்கொண்டே தூக்க வேண்டும். நான் அமுக்கவில்லை. கொக்கியின் குட்டி ஸ்பிரிங் துள்ளிக் காணாமல் போனது. என் மகன் காந்தத்தை நூலில் கட்டித் தரையெல்லாம் இழுத்து, கால்மணி நேரத்தில் அதைக் கட்டிலுக்கு அடியிலிருந்து மீட்டான்.

சிலிண்டரையும் பிஸ்டனையும் தனியே வெளியே எடுத்த பிறகு செய்ய வேண்டிய சோதனை ஒன்று உண்டு. சிலிண்டரின் முன்துளையைக் கட்டைவிரலால் இறுக்கி மூடிக்கொண்டு, மறு கையால் பிஸ்டனை உள்ளே தள்ளிப் பாருங்கள். காற்று கசியாவிட்டால் பிஸ்டன் மெத்தைமேல் நிற்பதுபோல் எதிர்த்து நிற்கும். விட்டால் பின்னால் துள்ளும். எங்களுடையது ‘புஸ்’ என்று ஒரு பெருமூச்சு விட்டு, ஒரு நொடிக்குள் அடி வரை போய் உட்கார்ந்துவிட்டது. ஆண்டுக்கணக்கில் விளையாடிய பொம்மை. காற்று கசியாமல் அடைக்கப் பிஸ்டன் தலையில் மாட்டியிருக்கும் ரப்பர் வளையம் ஒரு பக்கம் தட்டையாகத் தேய்ந்திருந்தது.

பொட்டலத்தில் வந்த கறுப்பு வளையத்தை மாட்டினேன். பழையதைவிட ஒரு நூலிழை தடிமன் கூடுதல். ரப்பர் மிருதுவாக, பிசிறில்லாமல், அச்சின் தையல்கோடு கூடத் தெரியாமல் இருந்தது. அதுவும் முழுதாக அடைக்கவில்லை என்பதால், பிஸ்டன் தலையின் பள்ளத்தில் டெஃப்லான் டேப்பை (குழாய் இணைப்புகளில் சுற்றுவார்களே, அந்த வெள்ளை டேப்) இரண்டு சுற்று சுற்றி, அதன்மேல் வளையத்தை ஏற்றினேன். மூன்று சுற்று போட்டால் பிஸ்டன் திக்கியது. ஒரு சுற்றில் கசிந்தது. இரண்டு. பாபின் கேஸின் (தையல் இயந்திரத்தில் அடிநூல் உருளை உட்காரும் கூடு) திருகைக் கால் சுற்று திருப்பினால் நூலின் இழுவை மாறுவதைப் பார்த்தவர்களுக்கு இந்தக் கணக்கு புரியும். பிறகு கிரீஸ். சின்னப் பையில் இருந்ததில் பாதி போதும். வளையத்தின் மேல் ஈரப் பளபளப்பு தெரிந்தால் நிறுத்திவிடலாம். கையில் இருக்கிறதே என்று வாசலினைத் தடவாதீர்கள். பெட்ரோலியப் பொருள் பட்டால் ஊதிப்போகிற ரப்பர் வகைகள் உண்டு. சிலிக்கான் கிரீஸ் அந்த வம்பைச் செய்யாது.

மறுபடியும் கட்டைவிரல் சோதனை. இந்த முறை பிஸ்டன் பாதியில் நின்றது. அழுத்தினால் எதிர்த்தது. விட்டதும் துள்ளிப் பின்னால் வந்து என் உள்ளங்கையில் இடித்தது. என் மகன் பத்துத் தடவையாவது அதை அழுத்தி விட்டு அழுத்தி விட்டு விளையாடியிருப்பான். துப்பாக்கியையே மறந்துவிட்டான்.

ஸ்பிரிங்கை மாற்றுவதற்கு முன், வளையத்தால் மட்டும் என்ன கிடைத்தது என்று அளந்து பார்க்க விரும்பினேன். வேகமானி என்னிடம் இல்லை. துப்பாக்கியின் முனையிலிருந்து சரியாக 5 மீட்டரில் ஒரு தகரத் தட்டை நிறுத்தினோம். இரண்டுக்கும் நடுவே, 2.5 மீட்டரில், கைபேசியை வைத்து ஒலியைப் பதிவு செய்தோம். விசையின் ‘டக்’குக்கும் தகரத்தின் ‘டங்’குக்கும் இடையே உள்ள நேரம்தான் தோட்டாவின் பயண நேரம். கைபேசி நடுவில் இருப்பதால் இரண்டு ஒலியும் ஒரே தூரம் வந்து சேர்கின்றன. ஒலியின் வேகத்துக்காகத் தனியே கழிக்க வேண்டியதில்லை. பதிவை அலைவடிவமாகத் திரையில் விரித்தால் இரண்டு கூரிய முட்கள் தெரியும். நடுவில் உள்ள இடைவெளியைப் படிக்க வேண்டியதுதான்.

ஒவ்வொரு நிலையிலும் பத்துத் தோட்டாக்கள் சுட்டு, தட்டில் பட்டவற்றுக்குச் சராசரி எடுத்தோம். பிரிப்பதற்கு முந்தைய நாளே எடுத்துவைத்த கணக்கு: 0.24 நொடி, அதாவது நொடிக்கு ஏறக்குறைய 21 மீட்டர். பழைய ஸ்பிரிங்கோடு புது வளையம், டேப், கிரீஸ்: 0.20 நொடி, நொடிக்கு 25 மீட்டர். அதைவிட எனக்குப் பிடித்தது இன்னொன்று. முன்பு பத்தில் மூன்று தோட்டாக்கள் சோம்பலாக வந்து தட்டுக்குக் கீழே விழுந்தன. இப்போது பத்தும் தட்டில் பட்டன.

இப்போது கதாநாயகனான ஸ்பிரிங்குக்கு வருவோம். அதன் ஒரு முனை ஒழுங்காக மடிக்கப்பட்டுத் தட்டையாகத் தேய்க்கப்பட்டிருந்தது. மறு முனையைக் குறட்டால் வெட்டி அப்படியே விட்டிருந்தார்கள். கூர் விரலில் குத்தியது. அப்படியே மாட்டியிருந்தால் பிஸ்டனின் பிளாஸ்டிக்கைச் சுரண்டித் தூளாக்கியிருக்கும். நான் அரத்தால் தேய்த்துச் சரிசெய்தேன். அரம் இல்லாத வீடுகள்தான் அதிகம் என்பது விற்பவர்களுக்குத் தெரியாதா? பெட்டி எடை பார்க்கும் கொக்கித் தராசைக் கைப்பிடியில் மாட்டி இழுத்துப் பார்த்ததில், பழைய ஸ்பிரிங் 2.6 கிலோவில் துப்பாக்கியின் கொக்கியில் மாட்டிக்கொண்டது; ‘5 கிலோ’ 4.3 கிலோவில் மாட்டிக்கொண்டது. பெயரில் இருக்கும் மீதி 700 கிராம் அச்சு மையின் எடை போலும்.

அடுத்து, நுரைத் திண்டு. பலமான ஸ்பிரிங் போட்டால் பிஸ்டன் சிலிண்டரின் முடிவில் போய் இடிக்கும். அந்த இடியைத் தாங்கத்தான் பிஸ்டன் முகத்தில் இதை ஒட்டச் சொல்கிறார்கள். ஒட்டினேன். பூட்டினேன். தோட்டா போட்டுச் சுட்டால், அது குழலின் வாயிலிருந்து நழுவி என் செருப்பின் மேல் விழுந்தது. மறுபடியும் பிரித்தேன். கட்டைவிரல் சோதனை செய்தால் பிஸ்டன் அசையவே இல்லை. கல் மாதிரி நின்றது. இவ்வளவு நேர்த்தியான அடைப்பை எந்தத் துப்பாக்கியிலும் பார்க்க முடியாது என்று மகனிடம் பெருமைகூட அடித்துக்கொண்டேன். கட்டைவிரலை எடுத்த பிறகும் பிஸ்டன் அசையவில்லை. அப்போதுதான் உறைத்தது. திண்டு பிஸ்டனிலிருந்து உரிந்து, முன்துளையின் வாயில் போய் அப்பிக்கொண்டிருந்தது. கிரீஸ் பட்ட முகத்தில் பசை பிடிக்காது என்பது எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். ஆனால் ஸ்பிரிட்டால் துடைத்துவிட்டு ஒட்டுங்கள் என்று ஒரு வரி எழுதியிருந்தால் அவர்களுக்கு என்ன குறைந்துவிடும்?

துடைத்து, நடுவில் துளையிட்டு, மறுபடி ஒட்டிய பிறகு அளந்தோம். 0.175 நொடி. நொடிக்கு 28.6 மீட்டர். இழுவிசை ஒன்றரை மடங்குக்கு மேல் கூடியும் வேகம் 25-லிருந்து அவ்வளவுதான் ஏறியது. வளையமும் டேப்பும் நொடிக்கு 4 மீட்டர் கொடுத்தன, இழுக்கும் கைக்கு எந்தச் சுமையும் ஏற்றாமல். ஸ்பிரிங் 3.6 மீட்டர் கொடுத்தது. பதிலுக்குக் கையின் பலத்தையும், கொக்கியின் ஆயுளையும், ஒவ்வொரு சூட்டிலும் ‘படார்’ என்ற ஒரு சத்தத்தையும் வாங்கிக்கொண்டது. தோட்டாவின் எடை ஏறக்குறைய ஒரு கிராம். அவ்வளவு லேசான பொருள் குழலைவிட்டு வெளியேறிய பிறகும் பிஸ்டன் ஓடிக்கொண்டிருந்தால், எஞ்சிய பலம் முழுவதும் பிளாஸ்டிக்கைத்தான் இடிக்கும்.

வேகம் கூடுவதை வேகமாக மட்டும் பார்க்கக் கூடாது. அடியின் ஆற்றல் வேகத்தின் வர்க்கத்தோடு ஏறும். ஒரு கிராம் தோட்டாவுக்கு நொடிக்கு 21 மீட்டரில் 0.22 ஜூல், 28.6 மீட்டரில் 0.41 ஜூல். ஏறக்குறைய இரட்டிப்பு. மகன் என் தொடையில் சுட்டுக் காட்டினான் (நான்தான் கேட்டேன்). துணிக்கு மேலேயே சுரீர் என்றது. கண்ணில் பட்டால் என்ன ஆகும் என்று எண்ணிப் பார்க்கவே பிடிக்கவில்லை. அன்றிலிருந்து எங்கள் வீட்டில் பாதுகாப்புக் கண்ணாடி போடாதவர்கள் தோட்டாவைத் தொடக் கூடாது. தோட்டாவின் முனையில் ஆணி, பசை, எடை எதையும் சேர்க்கக் கூடாது. ஆரஞ்சு நிற முனைக்கு வர்ணம் பூசவும் கூடாது. தூரத்திலிருந்து பார்ப்பவருக்கு இது பொம்மை என்று சொல்வது அந்த நிறம்தான். 1969-இல் வீட்டுக்குள் எதையும் உடைக்காமல் எறிந்து விளையாடலாம் என்று நுரைப் பந்தாக வந்த நெர்ஃப் என்ற பொம்மை வணிகப்பெயரிலிருந்து கிளைத்த விளையாட்டு இது. விளக்கை உடைக்காத பந்தாகப் பிறந்ததற்கு நாம் பலமான ஸ்பிரிங் போட்டுக்கொண்டிருக்கிறோம்.

இன்னொரு சின்ன விஷயம். தோட்டாக்களையும் பாருங்கள். எங்களிடம் இருப்பவை 2012-இல் நெர்ஃபின் எலைட் வரிசையோடு வந்த அளவு, ஏறக்குறைய 72 மில்லிமீட்டர் நீளம். பல நாள் உறையில் அடைந்து கிடந்து நசுங்கியவை குழலில் தளர்ந்து உட்காரும். பக்கவாட்டில் காற்று ஓடிவிடும். எந்த ஸ்பிரிங்கும் அதை ஈடுகட்டாது.

தீர்ப்பைச் சொன்னவள் என் எட்டு வயது மகள். அவளுடைய முறை வந்தபோது கைப்பிடியைப் பிடித்து இழுத்தாள், நின்று இழுத்தாள், துப்பாக்கியை வயிற்றில் முட்டுக்கொடுத்து இழுத்தாள். வரவில்லை. “அம்மா, இது அண்ணனோட துப்பாக்கியா மாறிடுச்சு” என்றாள். மகன் தலையைக் குனிந்துகொண்டான். சிறிது நேரம் கழித்து அவனே திருப்புளியை எடுத்து வந்தான்.

பழைய ஸ்பிரிங் மறுபடி உள்ளே போயிற்று. வளையமும் டேப்பும் கிரீஸும் அப்படியே இருக்கின்றன. இருவரும் இழுக்க முடிகிறது, நொடிக்கு 25 மீட்டர், பத்துக்குப் பத்து தட்டில் படுகிறது. கொக்கிக்குப் போட்ட புதுக் குட்டி ஸ்பிரிங்கையும் அப்படியே விட்டுவைத்தோம். கொக்கி முன்பைவிட உறுதியாகப் பிடிக்கிறது. மொத்தப் பொட்டலத்துக்கு மூன்று நட்சத்திரம் தருவேன். செயல்முறைத் தாளுக்கு ஒன்றும் இல்லை.

ரப்பர் வளையம் மட்டும் தனியாகக் கிடைக்குமா என்று விற்பவருக்கு எழுதிக் கேட்டேன். இரண்டு நாளில் பதில் வந்தது: வளையம் தனியாக விற்பதில்லையாம், ஆனால் 7 கிலோ ஸ்பிரிங் புதிதாக வந்திருக்கிறதாம்.