பிலிப் ஜாக்சன்: பல வருடம் பார்த்த பிறகு சொல்வது

பிரிட்டிஷ் நடிகர் பிலிப் ஜாக்சன் என்றால் பலருக்கும் தெரியாது. துப்பறிவாளர் புவாரோவைப் பற்றிய 'புவாரோ' தொலைக்காட்சித் தொடரில் வரும் போலீஸ் அதிகாரி ஜாப் என்றால் அகதா கிறிஸ்டி ரசிகர்கள் சட்டென்று பிடித்துக்கொள்வார்கள். மழைக்கோட்டு, தொப்பி, மீசை. அந்த ஜாப்பில் தொடங்கி, இவர் நடித்தது எது கிடைத்தாலும் விடாமல் பார்த்துவருகிறேன்.

1948-ல் நாட்டிங்ஹாம்ஷரில் பிறந்தவர். பிரிஸ்டல் பல்கலைக்கழகத்தில் நாடகம் படித்தவர். 1989-ல் பிரிட்டனின் ஐடிவி தொலைக்காட்சியில் 'புவாரோ' தொடங்கியபோதே பழுத்த நடிகர்.

துப்பறியும் கதைகளில் போலீஸ்காரருக்கு வழக்கமாக ஒரே வேலைதான். தப்பான ஆளைப் பிடிக்க வேண்டும், கடைசியில் கதாநாயகன் எல்லாவற்றையும் விளக்கும்போது வாய் பிளந்து நிற்க வேண்டும். ஜாப்பும் பல தடவை தப்பான ஆளைத்தான் பிடிக்கிறார். ஆனாலும் ஜாக்சன் அவரை ஒருபோதும் முட்டாளாக்கவில்லை. வேலைப்பளு தாங்காத, ஆனால் நேர்மையான ஒரு அரசு ஊழியர் நமக்குத் தெரிகிறார். எல்லோரையும் கூடத்தில் உட்காரவைத்து புவாரோவாக நடிக்கும் டேவிட் சூஷே நீளமாகப் பேசும் காட்சிகளை மறுபடி பார்க்கும்போது, நான் ஜாப்பின் முகத்தைத்தான் கவனிப்பேன். கொலையாளி யார் என்று முன்பே தெரிந்துவிட்டதால், ஜாப் எப்படிக் கேட்கிறார் என்பதில் கவனம் போகிறது. சந்தேகம், கொஞ்சம் எரிச்சல், அப்புறம் நண்பனை நினைத்துப் பெருமை. இது எனக்கு இன்னும் அலுக்கவில்லை.

1995-ல் வந்த 'ஹிக்கரி டிக்கரி டாக்' கதையில் மனைவி ஊரில் இல்லாததால் ஜாப் புவாரோவின் வீட்டில் தங்குகிறார். புவாரோவின் சமையலும் அவருடைய நாக்கும் ஒத்துப்போவதே இல்லை. இரண்டு பேருக்கும் உள்ள நெருக்கத்தை இதைவிட நன்றாக எந்தக் கதையும் காட்டவில்லை என்பேன்.

2001-க்குப் பிறகு வந்த கதைகளில் ஜாப் இல்லை. தொடர் இருண்டது, கனத்தது. நல்ல கதைகளும் உண்டு. ஆனால் புவாரோவிடம் உரிமையோடு அலுத்துக்கொள்ள யாரும் இல்லாத வெறுமை எனக்குக் கடைசிவரை உறுத்தியது. 2013-ல் 'தி பிக் ஃபோர்' கதையில் பதவி உயர்வோடு திரும்பி வந்தார். கதை சுமார்தான், அவருக்காகப் பார்க்கலாம்.

ஜாப்போடு நிறுத்திவிட்டால் இவரைப் பாதிதான் பார்த்ததாக அர்த்தம். மைக் லீ இயக்கிய 'ஹை ஹோப்ஸ்' (1988) படத்தில் மனைவியை மதிக்காத, பணத்திமிர் பிடித்த மார்ட்டினாக வருகிறார். பார்க்கவே கூசுகிறது, ஜாப்பின் அன்பான முகம் எங்கே போனது என்று தேட வேண்டியிருக்கிறது. ராபின் ஹூட் கதையான 'ராபின் ஆஃப் ஷெர்வுட்' தொடரில் (1984–86) பேராசை பிடித்த மடாதிபதி ஹியூகோ. வேடம் சிறியது, நேரம் இருந்தால் பாருங்கள்.

என் தேர்வு 'பிராஸ்ட் ஆஃப்' (1996). யார்க்‌ஷரில் நிலக்கரிச் சுரங்கங்களை இழுத்து மூடிய காலத்தில், சுரங்கத் தொழிலாளர்களின் பித்தளை வாத்தியக் குழுவைப் பற்றிய படம். பீட் போஸ்டில்த்வெய்ட், இவான் மெக்ரிகர் இருவரையும்தான் எல்லோரும் பேசுவார்கள். ஜாக்சன் குழுவில் ஒருவரான ஜிம். நடிகர் ஒருவர் தொழிலாளி வேடம் போட்டிருக்கிறார் என்று ஒரு நொடிகூடத் தோன்றவில்லை. புதிதாகப் பார்ப்பவர்கள் 'புவாரோ'வின் தொடக்கக் கதைகள் சிலவற்றைப் பார்த்துவிட்டு நேராக இந்தப் படத்துக்கு வாருங்கள். 'ஹை ஹோப்ஸ்' அதற்குப் பிறகு இருக்கட்டும்.