ரீவேல்யூவேஷன் முடிவு வரவில்லையா? நுகர்வோர் கோர்ட் என்று யாராவது சொன்னால் பணம் கொடுக்காதீர்கள்

கடைசி செமஸ்டரில் ஒரே ஒரு பேப்பர், நாலு மார்க்கில் போனது. நன்றாகத்தான் எழுதியிருந்தேன் என்பதால் மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டினேன். ஒன்றரை மாதத்தில் வந்துவிடும் என்றார் கல்லூரி ஆபீஸ் அண்ணன். நாலு மாதம் ஆயிற்று. பல்கலைக்கழகக் கவுன்டரில் எப்போது கேட்டாலும் ‘வெப்சைட்ல பாருப்பா’ என்ற ஒரே பதில். இதற்குள் அரியர் தேர்வுக்குக் கடைசித் தேதி வந்துவிட, அதே பேப்பருக்கு மறுபடியும் பணம் கட்டித் தொலைத்தேன். ப்ரொவிஷனல் சர்டிஃபிகேட் காட்ட முடியாததால் கேம்பஸில் கிடைத்த வேலையும் போயிற்று.

இதுவரை அவர்கள் செய்தது. அடுத்தது நானே போய் விழுந்த குழி. தெரிந்தவர் மூலம் வந்த ஒரு ‘சட்ட ஆலோசகர்’, “பணம் வாங்கிட்டு வேலை செய்யலைன்னா சேவைக் குறைபாடு தம்பி, நுகர்வோர் கோர்ட்ல நஷ்ட ஈடே வாங்கலாம்” என்று 6,500 ரூபாய் வாங்கிக்கொண்டார். ஒரு நோட்டீஸ் போனது. அப்புறம் போனையே எடுக்கவில்லை. தேர்வு எழுதும் மாணவர் நுகர்வோர் ஆகமாட்டார் என்று உச்ச நீதிமன்றம் 2009லேயே பீகார் பள்ளித் தேர்வு வாரிய வழக்கில் சொல்லிவிட்டது. ஆலோசகருக்கு இது தெரியாமலா இருக்கும்?

கடைசியில் கைகொடுத்தது 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப். எதிர்வீட்டு வக்கீல் அக்கா சொல்லி, தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட்டேன். என் விடைத்தாள் நகல் வேண்டும், என் விண்ணப்பம் யாருடைய மேசையில் கிடக்கிறது என்று தெரிய வேண்டும், அவ்வளவுதான். தன் விடைத்தாளைப் பார்க்க மாணவருக்கு உரிமை உண்டு என்று 2011ல் ஆதித்யா பந்தோபாத்யாய் வழக்கில் தீர்ப்பே இருக்கிறது. 30 நாளில் பதில் வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம். எனக்கு 28ஆம் நாளே நகல் வந்தது. கடைசிப் பக்கத்தில் போட்டிருந்த 8 மார்க், முதல் பக்கக் கூட்டலில் ஏறவே இல்லை! ஆனால் ஒன்று: விடைத்தாள்களைக் குறிப்பிட்ட காலம்தான் வைத்திருப்பார்கள், பிறகு அழித்துவிடுவார்கள். என்னுடையது தப்பியது அதிர்ஷ்டம். என்னைப் போல நாலு மாதம் காத்திருக்காமல், ரிசல்ட் வந்த வாரமே கேளுங்கள்.

நகலை இணைத்து, முடிவை வெளியிடாவிட்டால் உயர் நீதிமன்றத்தில் ரிட் (கடமையைச் செய்யும்படி பல்கலைக்கழகத்துக்கு உத்தரவிடக் கேட்கும் மனு) போடுவோம் என்று அக்கா நோட்டீஸ் அனுப்பினார். 11ஆம் நாள் முடிவு வந்துவிட்டது, பாஸ். ரிட் போடுவதாக இருந்தால், முடிவை வெளியிட உத்தரவிடுங்கள் என்று மட்டும் கேட்க வேண்டுமாம். விடையைத் திருத்தி மார்க் போடும் வேலையில் கோர்ட் பொதுவாக இறங்காது. வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லையென்றால் சட்ட உதவி ஹெல்ப்லைன் 15100க்கு போன் செய்யுங்கள். பெண்களுக்கும் பட்டியலின, பழங்குடி மாணவர்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு.

வீணாகக் கட்டிய அரியர் பணத்தைத் திருப்பிக் கேட்டு எழுதிக் கொடுத்திருக்கிறேன். போன வாரம் கவுன்டரில் விசாரித்தேன். ‘வெப்சைட்ல பாருப்பா.’